ஆறாம் பெட்டியின் கொண்டை

பொம்மைகளின் காலோடு மல்லுக்கட்டியதிலேயே முதல் வாரம் போய்விட்டது. துணிக்கடை வாசலில் நிற்கிற பொம்மைகள்தான் அவை. ஆறும் உயரக் குதிகால் செருப்புக்கு ஏற்றபடி வார்க்கப்பட்டவை. செருப்பில்லாமல் நிறுத்தினால் நுனிக்காலில் நிற்கும். எங்களுக்கு வேண்டியதோ நூறு வருடத்துக்கு முந்தைய பெண்கள். அதிலும் ஆறாவது பொம்மை துறைமுகத்தில் கப்பலுக்குக் கரி சுமந்தவள். வெறுங்கால்காரி. அவளை வெறுங்காலோடு நிறுத்திப் பார்த்தபோது எலிக்குப் பயந்து எம்பியவள் மாதிரி இருந்தாள்.

“எலி போயிடுச்சு, இறங்கும்மா,” என்றார் தச்சர் பொம்மையிடம்.

பிறகு அவரே கணுக்காலில் ரம்பம் போட்டு அறுத்து, மரத்தில் தட்டைப் பாதம் செதுக்கி மாட்டினார்.

அருங்காட்சியகம் என்று பெயரே தவிர அது பழைய சரக்குக் கிடங்கு. சுவருக்கு வெள்ளையடித்து, மேலே விளக்கு மாட்டி, ஆறு கண்ணாடிப் பெட்டிகளை வரிசையாக வைத்திருந்தார்கள். முதல் பெட்டியில் மாளிகைச் சீமாட்டி. அப்புறம் மணப்பெண், டீச்சர், நர்ஸ், நாடகக்காரி. ஆறாவதாகக் கரிக்காரி. ஒவ்வொருத்திக்கும் அந்தக் காலத்து உடுப்பு, அந்தக் காலத்துத் தலைமுடி. ‘அவள் உடுத்தியது’ என்று கண்காட்சிக்குப் பெயர். உடுப்பு என் பொறுப்பு. நான் நாடகக் குழுக்களுக்குத் தைக்கிறவள். முடி என் வீட்டுக்காரரின் தங்கை பொறுப்பு. டோப்பா கட்டுவது அவள் தொழில். பள்ளிக்கூடத்தில் வகுப்பிலிருந்த பெண்கள் எல்லோருக்கும் இவள்தான் தலை பின்னிவிடுவாளாம். அப்போதிருந்து சடை என்றே பெயர் நிலைத்துவிட்டது.

எங்கள் இரண்டு பேருக்கும் பின்கட்டில் ஒரே அறை. ஜன்னலோரம் அவள் மேஜை, கதவோரம் என் தையல் மிஷின். ஜன்னலுக்கு வெளியே புதுக் கட்டடம் எழும்பிக்கொண்டிருந்தது. நாள் முழுக்கக் கலவை இயந்திரம் கரகரவென்று சுற்றும். செங்கல் சுமக்கிற பெண்கள் வரிசையாகப் போவார்கள், வருவார்கள்.

உண்மையைச் சொன்னால் ஆறாவது பெட்டிக்காகத்தான் இந்த வேலைக்கு ஒப்புக்கொண்டேன். பன்னிரண்டு வயதிலிருந்து இருபத்து மூன்று வயது வரை நானும் செங்கல் சுமந்தேன். பதினோரு வருடம். தையல் பிறகு வந்தது. அந்தப் பதினோரு வருடத்தில் என் உச்சித்தலையில் டப்பா மூடி அளவுக்கு முடி தேய்ந்து போனது. திரும்ப முளைக்கவில்லை. இரண்டு பக்கமும் இருக்கிற முடியை வாரி மேலே கொண்டுவந்து, ஊசி குத்தி மூடிக்கொள்வேன். சடை அதைப் பாலம் என்பாள். “அண்ணி, காத்து அடிக்குது, பாலம் பத்திரம்,” என்பாள். வீட்டுக்குள் மட்டும்தான் சொல்வாள். வெளியாள் இருக்கும்போது வாயைத் திறக்க மாட்டாள். அந்த மட்டுக்கும் நல்லவள்.

சுமக்கிறவளைப் பொம்மையாக நிறுத்தப் போகிறார்கள் என்றதும் எனக்கு வேறு ஆசை எதுவும் இல்லை. அவள் சரியாக நிற்க வேண்டும். தலையில் கூடையோடு நிற்க வேண்டும். அவ்வளவுதான்.

சேமிப்பறையில் அவளுடைய காலத்து ரவிக்கை ஒன்று இருந்தது. கை வைத்தால் உதிர்ந்துவிடும் நிலை. மெல்லிய தாளில் சுற்றிக் கொண்டுவந்து, கையுறை போட்டுக்கொண்டு அளவெடுத்தேன். தையல் மடிப்புக்குள் இன்னும் கரித்தூள் இருந்தது. கக்கத்தில் ஒரு சதுரத் துண்டு தனியாக வைத்துத் தைத்திருந்தார்கள். கையை மேலே தூக்கினால் இழுக்கக் கூடாதென்று. தைத்தது தையல்காரன் இல்லை, போட்டவளேதான். தையல் ஒன்றுக்கொன்று ஒழுங்கில்லை. ஆனால் அந்தத் துண்டை வைத்தவளுக்குத் தன் வேலை தெரிந்திருக்கிறது. நான் புதிதாகத் தைத்த ரவிக்கையிலும் அதே துண்டை வைத்தேன். பழைய ரவிக்கையின் மேல்கை அளவை எடுத்து என் கையோடு ஒப்பிட்டேன். என் கையை விட இரண்டு விரல் அதிகம். பொம்மையின் கையோ முருங்கைக்காய். பஞ்சு வைத்துச் சுற்றி, மேலே துணியொட்டி, அவள் கைக்கு வரும்வரை பருமனாக்கினேன்.

கண்காட்சி அதிகாரி வந்து பார்த்தார். முப்பத்தைந்து வயது இருக்கும். படித்தவர், மரியாதையானவர். எல்லோரையும் அண்ணா, அக்கா என்றுதான் கூப்பிடுவார். நாங்கள் மேடம் என்போம்.

“அக்கா, கொஞ்சம் குண்டாத் தெரியறாங்களே.”

“குண்டு இல்ல மேடம். கை.”

“மத்த அஞ்சு பேரும் ஒரு மாதிரி அழகா இருக்காங்க இல்ல, இவங்க மட்டும்…”

“மத்த அஞ்சு பேரும் கரி தூக்கல மேடம்.”

சிரித்துவிட்டுப் போய்விட்டார். போகும்போது, ரவிக்கைக்குக் கரிக்கறை வைக்க வேண்டாம், சுத்தமாகவே இருக்கட்டும் என்றார். எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. துவைத்து மடித்து வைத்த கரிக்காரியை எங்கே பார்த்தார்களோ. சரி, கறை போனால் போகட்டும், கூடை இருக்கிறதே என்று மனதைத் தேற்றிக்கொண்டேன்.

தலைமுடிக்கு ஆதாரமாக இருந்தது ஒரே ஒரு போட்டோ. உள்ளங்கை அளவு. கப்பலோரம் மூன்று பெண்கள் நிற்கிறார்கள். இரண்டு பேரின் உருவம் மங்கிப் போயிருக்கிறது. நடுவில் இருப்பவள் மட்டும் கொஞ்சம் தெரிகிறாள். அவளுடைய உச்சித்தலையில் வட்டமாக, வளையம் மாதிரி ஒன்று. அதைப்பற்றி ஒரு பேராசிரியை புத்தகத்தில் எழுதியிருந்தார். அந்தக் காலத்துக் கரிக்காரிகள் கூந்தலை முறுக்கி உச்சியில் வளையமாகச் சுற்றிக்கொள்வார்களாம். மகுடக்கொண்டை என்று அதற்குப் பெயரும் வைத்திருந்தார்.

சடை அந்தக் கொண்டைக்கு இருபத்திரண்டு நாள் உழைத்தாள். முதலில் தலை அளவுக்கு வலை கட்டி, அதில் கொக்கி ஊசியால் ஒவ்வொரு முடியாக இழுத்து முடிச்சுப் போட்டாள். கண்ணில் விளக்கெண்ணெய் விட்டுக்கொண்டு செய்கிற வேலை. உச்சியில் மட்டும் முடி நடவில்லை. கொண்டை உட்காருகிற இடம் எப்படியும் மறைந்துவிடும், அங்கே முடி நடுவது வீண் என்று டோப்பா கட்டுகிறவர்கள் எல்லோரும் அந்த இடத்தை வெறும் வலையாக விட்டுவிடுவார்கள். கொண்டையைத் தனியாகச் செய்து மேலே பொருத்துவார்கள். அதையும் அவள் சும்மா முறுக்கிவிடவில்லை. நான்கு கால் பின்னலாகப் பின்னி, வளைத்து, எண்ணெய் பூசி மினுக்கி வைத்தாள். மேடம் அதைப் பார்த்துவிட்டுப் போன் எடுத்து ஏழெட்டுப் படம் பிடித்தார். அதில் ஒன்றுதான் போஸ்டராக வந்தது. ‘உழைப்பின் மகுடம்’ என்று மேலே எழுத்து.

அந்தச் சின்னப் போட்டோவை நானும் எத்தனையோ தடவை பார்த்திருக்கிறேன். சடையின் மேஜையில் கண்ணாடிக்கடியில்தான் கிடந்தது. கொண்டை என்று சொன்னார்கள், எனக்கும் கொண்டையாகவே தெரிந்தது. இதை நினைத்தால் இப்போதும் என்னையே நாலு அறை அறையலாம் போலிருக்கிறது. பதினோரு வருடம் தலையில் வைத்தவள், காகிதத்தில் பார்த்ததும் அடையாளம் தெரியாமல் போய்விட்டேன்.

திறப்புவிழாவுக்கு மூன்று நாள் இருக்கும்போது சுவரில் ஒட்டுவதற்காக அந்தப் போட்டோவை ஆள் உயரத்துக்குப் பெரிதாக்கிக் கொண்டுவந்தார்கள். தச்சரும் இன்னொருவரும் பிரித்து சுவரில் சாய்த்தார்கள். நான் பாவாடை ஓரம் அடித்துக்கொண்டிருந்தேன். நிமிர்ந்தேன்.

நடுவில் நின்றவள் என்னைப் பார்த்தாள். முகவாயை லேசாகத் தூக்கி, கழுத்தை விறைத்துக்கொண்டு நின்றாள். பாரத்தை இறக்கின கையோடு நிற்கிறவள் அப்படித்தான் நிற்பாள். தலையிலிருந்து எடை போனாலும் கழுத்துக்கு அது உடனே தெரியாது. காதுக்குப் பின்னால் அந்த வளையத்திலிருந்து ஒரு முனை தொங்கியது. முடி இல்லை. துணி. ஓரம் கிழிந்து நூல் பிரிந்த துணி.

“சடை, அது சும்மாடு,” என்றேன்.

“எது?”

“தலையில இருக்கறது. கொண்டை இல்ல. சும்மாடு. துணியைச் சுருட்டி வெச்சிருக்கா. பாரம் அழுத்தாம இருக்க.”

அவள் கிட்டே போய்ப் பார்த்தாள். வெகுநேரம் பார்த்தாள். பிறகு திரும்பி வந்து உட்கார்ந்து, கொக்கி ஊசியை எடுத்தாள்.

“எனக்கு முடியாத்தான் தெரியுது.”

“முனை தொங்குது பாரு. நூல் பிரிஞ்சு…”

“அண்ணி. இருபத்திரண்டு நாள். என் கண்ணு போச்சு, கழுத்து போச்சு. இதை முதல் நாள் சொல்லியிருந்தா உங்களுக்குக் கோயில் கட்டியிருப்பேன். கொடுத்ததைப் பார்த்துச் செஞ்சேன். புத்தகத்துலயும் அப்படித்தான் இருக்கு. நீங்க உங்க பாவாடையைப் பாருங்க.”

“நான் உன் வேலையைக் குறை சொல்லல.”

“இல்ல இல்ல. என் கொண்டை போஸ்டர்ல வந்துச்சு, உங்க பாவாடை வரல. புரியுது எனக்கு.”

“வாயில நல்ல வார்த்தையே வராதாடி உனக்கு?”

“வரும். விழா முடியட்டும்.”

தச்சர் போட்டோவின் ஓரத்தைப் பிடித்துக்கொண்டு இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தார். “நான் வேணா கொஞ்ச நேரம் கழிச்சு ஆணி அடிக்கட்டுமா?” என்றார்.

மறுநாள் காலையில் மேடம் வந்ததும் சொன்னேன். அவர் பொறுமையாகக் கேட்டுக்கொண்டார். பொறுமையாகக் கேட்கிறவர்களிடம்தான் எனக்குப் பயம். கேட்டு முடித்ததும் எழுந்து போய்விடுவார்கள்.

“கூடையை வெச்சுக் காட்டறேன் மேடம்,” என்றேன். தச்சரிடம் சொல்லிக் கூடையை எடுத்துவரச் செய்தேன். உள்ளே கரிக்குப் பதிலாகக் கறுப்புச் சாயம் பூசிய தக்கைத் துண்டுகள். மூலையில் நின்ற பொம்மையின் கொண்டைமேல் வைத்தேன். வழுக்கியது. இன்னொரு தரம் நேராக வைத்தேன். இடப்பக்கமாகச் சரிந்து என் தோளில் இடித்துக் கீழே போனது. தக்கைத் துண்டுகள் தரையெல்லாம் ஓடின.

“நிக்கல பாருங்க. முடிமேல பாரம் நிக்காது.”

மேடம் யோசித்தார். “அப்ப கூடையைக் காலடியில வெச்சிடலாம்க்கா. வேலைக்கு நடுவுல கொஞ்சம் ஓய்வு எடுக்கற மாதிரி.”

நான் கொட்டிய தக்கையைப் பொறுக்கிக்கொண்டிருந்தேன். பொறுக்கினதை அப்படியே போட்டுவிட்டு எழுந்தேன்.

“ஜன்னலுக்கு வெளியே பாருங்க மேடம்.”

பார்த்தார். மூன்று பெண்கள் செங்கலோடு போய்க்கொண்டிருந்தார்கள். ஒவ்வொருத்தியின் தலையிலும் பலகை, பலகைக்கடியில் துணி வளையம்.

“அது சும்மாடு. இதுவும் அதுதான்.”

“அவங்க இப்ப இருக்கறவங்க. இது நூறு வருஷத்துக்கு முன்னாடி.”

“நூறு வருஷத்துல தலை மாறிடுச்சா மேடம்?”

பின்னால் தச்சர் இருமினார். சிரிப்பை அடக்குகிற இருமல். மேடத்துக்கு முகம் சுருங்கியது. கோபம் இல்லை. நெருக்கடி. “புத்தகம் எழுதினவங்கதான்க்கா திறந்து வைக்க வர்றாங்க,” என்றார் மெதுவாக. “போஸ்டர் ஊர் முழுக்க ஒட்டியாச்சு. லேபிள் தகட்டுல அச்சாகி வந்தாச்சு. இப்ப போய் நான் எதைக் காட்டி மாத்தச் சொல்றது? எழுத்துல ஏதாவது இருந்தா சொல்லுங்க, நான் பேசறேன்.”

எழுத்தில் என்னிடம் என்ன இருக்கிறது. நான் கதவைச் சாத்தினேன். மிஷின் பக்கத்து ஸ்டூலில் உட்கார்ந்து தலையிலிருந்து ஊசிகளை எடுக்க ஆரம்பித்தேன். ஒவ்வொன்றாக மிஷின் பலகையில் வைத்தேன். பதினான்கு ஊசி. சடை நாற்காலியிலிருந்து பாதி எழுந்தாள்.

“அண்ணி, என்ன பண்றீங்க.”

முடியை இரண்டு பக்கமும் ஒதுக்கித் தலையைக் குனிந்தேன். என் வீட்டுக்காரரும் சடையும் தவிர யாரும் பார்க்காத தலை. முடிதிருத்தும் கடைக்குப் போய் எத்தனை வருடமாயிற்று என்று எனக்கே தெரியாது. மின்விசிறிக் காற்று நேராக உச்சியில் பட்டது.

“பதினோரு வருஷம் மேடம். இவங்க வெளியே தூக்கறாங்களே அதேதான். உச்சியில கொண்டை போட இவளுக்கு முடி இருந்திருக்காது. தேஞ்சு போயிருக்கும். பார்த்துக்குங்க.”

தச்சர் சுவர் பக்கம் திரும்பிக்கொண்டு, ஏற்கனவே வழவழவென்று இருந்த பொம்மையின் மரப்பாதத்தை உப்புத்தாளால் தேய்க்கத் தொடங்கினார்.

“ஐயோ அக்கா,” என்றார் மேடம். “இதெல்லாம் காட்ட வேண்டாம் நீங்க. ப்ளீஸ்.” என் தோளைத் தொட்டார். “எனக்கு ரொம்பக் கஷ்டமா இருக்கு. நீங்க சொல்றது உண்மையாக்கூட இருக்கலாம். ஆனா ஒருத்தரோட தலையை ஆதாரமா வெச்சு நான் எப்படி எழுத முடியும்? நீங்களே சொல்லுங்க.”

அவர் இன்னொரு முறை தோளைத் தட்டிவிட்டுப் போனார். அடித்திருந்தால்கூடத் திருப்பி ஏதாவது சொல்லியிருப்பேன். பரிதாபப்பட்டவரை என்ன செய்வது.

தச்சரும் நழுவிவிட்டார். ஊசிகளை எடுத்துக் குத்தப் போனேன். இரண்டு ஊசி கீழே விழுந்தது. சடை வந்து அவற்றைப் பொறுக்கினாள். என் கையிலிருந்த சீப்பைப் பிடுங்கிக்கொண்டாள்.

“யாரு கேட்டா உங்களை? ஆம்பள ஒருத்தர் நிக்கறாரு, கழட்டிட்டு உக்காந்துட்டீங்க.”

“உனக்கென்ன.”

“எனக்கென்னவா.” நறநறவென்று சீவினாள். வலித்தது. “காட்டினீங்களே, என்ன ஆச்சு? ஐயோ அக்கான்னுட்டுப் போயிட்டாங்க. இதுக்குத்தான் காட்டினீங்களா?”

“மெதுவாச் சீவுடி.”

“பேசாம இருங்க.”

அவள் பாலத்தைப் போட்டு முடித்தாள். நான் போடுவதை விட நன்றாகவே போட்டிருந்தாள். எட்டு ஊசியிலேயே நின்றது. மீதி ஆறை என் கையில் வைத்துவிட்டுத் தன் இடத்துக்குப் போய் உட்கார்ந்தாள். கொண்டையைப் பற்றி மட்டும் அவள் பிடி தளரவில்லை. சாயங்காலம் அதைப் பொம்மையின் தலையில் ஊசி குத்தி இறுக்கினாள். தச்சர் அவளைப் பெட்டிக்குள் நிறுத்தி, கூடையைக் காலடியில் வைத்துப் பூட்டினார். கைகளைத் தொங்கவிட்டுக்கொண்டு, கறையில்லாத ரவிக்கையோடு, எண்ணெய் மினுங்கும் தலையோடு அவள் கண்ணாடிக்குள் நின்றாள். பார்க்கச் சகிக்கவில்லை. விளக்கை அணைத்துவிட்டு வந்தேன்.

திறப்பு நாளன்று உள்ளே நுழையக் கட்டணம் இல்லை. பேராசிரியை வந்தார். நாடா வெட்டினார்கள், கை தட்டினார்கள். அவர் ஒவ்வொரு பெட்டியாகப் பார்த்துக்கொண்டே வந்து ஆறாவதன் முன் நின்று, “இத்தனை பாடுபட்டும் அழகை விட்டுக்கொடுக்கல பாருங்க,” என்று சொன்னார். சுற்றி நின்றவர்கள் தலையை ஆட்டினார்கள். கொண்டை கட்டினது யார் என்று கேட்டு, சடையின் கையைப் பிடித்துக் குலுக்கினார். சடை சிரித்தாள். என் பக்கம் திரும்பவில்லை. பதினொன்றரை மணிக்கெல்லாம் விருந்தாளிகள் போய்விட்டார்கள்.

கட்டட வேலைக்காரர்களுக்குப் பன்னிரண்டரைக்குச் சாப்பாட்டு நேரம். அன்றைக்கு நான்கு பெண்கள் சாப்பிட்ட கையோடு உள்ளே வந்தார்கள். சிமென்ட் ஒட்டிய பாவாடை, மேலே ஆம்பிளைச் சட்டை, தலையில் சும்மாட்டுத் துணியைக் கழற்றாமல் சுற்றிக்கொண்டிருந்தார்கள். காவலாளி காலைத் துடைத்துவிட்டுப் போகச் சொன்னார். துடைத்தார்கள். சீமாட்டியையும் மணப்பெண்ணையும் ஒரு பார்வை பார்த்துவிட்டு, கண்ணாடியில் தங்கள் முகத்தைப் பார்த்துக்கொண்டு நடந்தார்கள். ஆறாவது பெட்டிக்கு வந்ததும் நின்றார்கள். சடையும் நானும் தூணோரம் பெஞ்சில் உட்கார்ந்திருந்தோம்.

“ஏய், இங்க வாடி. நம்ம ஆளு.”

“பாவாடையைச் செருகியிருக்கறதைப் பாரு. அச்சு அசல்.”

“கையைப் பாரு. உன் கை மாதிரியே.”

“என் கைக்கு என்னடி குறைச்சல். ஆமா, தலையில என்ன அது, சும்மாடா?”

“சும்மாடுதான்.”

“சும்மாட்டுக்கு எதுக்குடி பின்னல் போட்டிருக்கா?”

ஒருத்தி கண்ணாடியில் மூக்கு இடிக்கும் அளவுக்குக் கிட்டே போனாள். “எண்ணெய் வேற தடவி வெச்சிருக்கா. இதுமேல கூடையை வெச்சா நேரா மேஸ்திரி தலையில போய் விழும்.”

“விழட்டும்.”

“விழுந்துதான் கிடக்கு, காலுக்குக் கீழ பாரு.”

அவ்வளவுதான். நாலு பேரும் சிரிக்க ஆரம்பித்தார்கள். ஒருத்தி மற்றவள் தோளில் சாய்ந்துகொண்டு சிரித்தாள். கூடம் முழுக்க எதிரொலித்தது. காவலாளி வந்து உதட்டில் விரல் வைத்தார். அவர்கள் வாயைப் பொத்திக்கொண்டு வெளியே போனார்கள். வாசலைத் தாண்டியும் சிரிப்புக் கேட்டது.

நான் சடையைப் பார்க்கவில்லை. பார்க்கப் பயமாக இருந்தது.

“சாவி யாரு கிட்ட இருக்கு அண்ணி?”

“தச்சர் கிட்ட.”

எழுந்து போனாள். நான் பின்னால் போனேன். சாப்பாட்டு நேரம் என்பதால் கூடத்தில் வேறு யாரும் இல்லை. தச்சர் எதுவும் கேட்காமல் பெட்டியைத் திறந்துவிட்டு ஒதுங்கி நின்றார். சடை உள்ளே ஏறி, பொம்மையின் தலையைத் தன் நெஞ்சோடு அணைத்துப் பிடித்துக்கொண்டு, கொண்டைக்கு அடியில் கையை விட்டு ஊசிகளை உருவினாள். கொண்டை முழுசாகக் கையோடு வந்தது. இறங்கி நின்று பார்த்தாள்.

பொம்மையின் உச்சியில் முடி இல்லை. டப்பா மூடி அளவுக்கு வட்டமாக வெறும் வலை. அவள் நடாமல் விட்ட இடம். சுற்றிலும் முடி, நடுவில் தேய்ந்த தலை. சடை அதைப் பார்த்தாள். பிறகு என் தலையைப் பார்த்தாள். கொண்டையைத் துணியில் சுற்றித் தன் பைக்குள் போட்டு ஜிப்பை இழுத்தாள். இருபத்திரண்டு நாள் வேலை ஒரு கைப்பைக்குள் அடங்கிவிட்டது.

மேடத்திடம் காவலாளி போய்ச் சொல்லியிருக்க வேண்டும். கையில் பாதி சாப்பிட்ட ரொட்டியோடு வேகமாக வந்தார்.

“என்ன இது? கொண்டை எங்க?”

“பூச்சி அரிச்சிருக்கு மேடம்,” என்றாள் சடை.

“என்னது?”

“முடியில பூச்சி. இப்பத்தான் பார்த்தேன். உள்ளே விட்டா மத்த அஞ்சு டோப்பாவுக்கும் பரவும். சேமிப்பறை துணிக்கும் போகும். எடுத்துப் பையில கட்டிட்டேன். மருந்து வெச்சு ஒரு மாசம் மூடிப் போட்டாத்தான் சாகும்.”

மேடத்தின் முகம் வெளுத்தது. அங்கே வேலை செய்கிறவர்களுக்குத் தீயை விடப் பூச்சிக்குப் பயம். முதல் நாளே எங்களுக்கு அதைப்பற்றி ஒரு மணி நேரம் பாடம் நடத்தியவர் அவர். சடையின் பையைப் பார்த்தார். சடையைப் பார்த்தார். என்னைப் பார்த்தார். அவருக்குப் புரிந்துவிட்டதா இல்லையா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. பையைத் திறந்து காட்டு என்று அவர் கேட்கவில்லை.

“ரெண்டு மணிக்குப் பள்ளிக்கூடப் பிள்ளைங்க வர்றாங்க,” என்றார். பொம்மையின் உச்சியைப் பார்த்து, “இப்படி வெக்க முடியாது,” என்றார்.

“முடியாதுதான்,” என்றாள் சடை.

“வேற ஏதாவது மேல…”

“அண்ணி கிட்ட கேளுங்க.”

மேடம் என்னைக் கேட்கவில்லை. தலையை மட்டும் ஆட்டிவிட்டு, ரொட்டியைக் கையிலேயே வைத்துக்கொண்டு நின்றார்.

பாவாடைக்கு வாங்கியதில் மிஞ்சிய துணி மிஷினடியில் கிடந்தது. இரண்டு முழம் கிழித்துக்கொண்டு வந்தேன். கிழித்த ஓரத்தை அப்படியே விட்டேன். ஒரு முனையைக் காலின் கீழ் மிதித்து, மறுமுனையை முறுக்கி, விரல் நான்கையும் அச்சாக வைத்துச் சுற்றினேன். இருபத்து நாலு வருடமாகச் செய்யாத காரியம். கை யோசிக்கவே இல்லை. முனையை உள்ளே செருகி, கொஞ்சம் காதுக்குப் பின்னால் தொங்கவிட்டேன். ஏறி அவள் தலையில் வைத்து அழுத்தினேன். வலைக்கு மேல் அளவாக உட்கார்ந்தது. தச்சர் கூடையைத் தூக்கிக் கொடுத்தார். வைத்தேன். கையை எடுத்தேன். நின்றது. அவளுடைய பருத்த வலக்கையை மேலே வளைத்துக் கூடையின் விளிம்பைப் பிடிக்க வைத்தேன். அந்தப் பொம்மைகளின் தோள் திரும்பும், அந்த ஒரு சௌகரியம் அவற்றில் உண்டு. ரவிக்கை இழுக்கவில்லை. கக்கத்துத் துண்டு இடம் கொடுத்தது.

“இப்பதான் ஆளு வேலைக்கு வந்திருக்கா,” என்றார் தச்சர்.

மேடம் இரண்டடி பின்னால் போய் நின்று பார்த்தார். “நல்லாத்தான் இருக்கு,” என்றார். எனக்கு அந்த ‘தான்’ போதும் போலிருந்தது. உடனே லேபிளைக் காட்டினேன். ‘மகுடக்கொண்டை: கரி சுமந்த பெண்கள் கூந்தலை முறுக்கி உச்சியில் வளையமாக அணிந்தனர்’ என்று தகட்டில் இருந்தது.

“அதையும் கழட்டிடலாமா மேடம்?”

“அது இப்ப முடியாதுக்கா. மேலே எழுதிப் போட்டு, ஒப்புதல் வந்து, அப்புறம்தான் அச்சுக்குப் போகும். அடுத்த தடவை பார்க்கலாம்.”

“அதுவரைக்கும் ஒரு தாள் ஒட்டி மறைச்சு…”

“தாள் ஒட்டக் கூடாதுக்கா. விதி.”

பெட்டியைப் பூட்டினோம். சடை பையை மடியில் வைத்துக்கொண்டு பெஞ்சில் உட்கார்ந்தாள். “இதை ஏதாவது நாடகத்து ராணிக்கு வித்துக்கறேன்,” என்றாள். “ராணிங்க யாரும் ஒண்ணும் தூக்க மாட்டாங்க.”

இரண்டு மணிக்குப் பிள்ளைகள் வந்தார்கள், போனார்கள். மூன்று மணிவாக்கில் ஒருவர் மனைவியோடு வந்தார். கண்ணாடி போட்டவர், ஒவ்வொரு லேபிளையும் வாய்விட்டுப் படித்துக்கொண்டே வந்தார். ஆறாவது பெட்டியில் நின்று லேபிளைப் படித்தார். நிமிர்ந்து பொம்மையின் தலையைப் பார்த்தார்.

“பாரேன், முடியை எப்படி வளையமாச் சுத்தியிருக்காங்க,” என்றார் மனைவியிடம். “துணி மாதிரியே இருக்கு.”

நான் பெஞ்சிலிருந்து எழுந்து போனேன்.

“அது துணிதாங்க,” என்றேன்.

அவர் என்னை மேலும் கீழும் பார்த்தார். கோபப்படவில்லை. தெரியாதவளுக்குச் சொல்லித் தருகிற மாதிரி, விரலை லேபிளின் முதல் எழுத்தில் வைத்தார்.